ஏட்டிலிருந்து திரைக்கு

திருப்பனந்தாளிலிருந்து வடக்கே போனால் அணைக்கரையில் கொள்ளிடம் குறுக்கிடும். கல்கியின் ‘கள்வனின் காதலி’யைப் படித்தவர்களுக்கு இந்த ஆறு புதிதல்ல. முத்தையன் ஒளிந்து திரிந்தது கொள்ளிடத்துப் படுகையில்தானே! 1937-ல் ‘ஆனந்த விகட’னில் வந்த அந்தக் கதை, 1955-ல் சிவாஜி கணேசனும் பானுமதியும் நடித்துப் படமாயிற்று. அதற்கு முந்திய ஆண்டே கல்கி காலமாகிவிட்டார்.

நாவலைப் படமாக்குவது காவிரி நாட்டுக்குப் பழைய வழக்கம். வடுவூர் துரைசாமி ஐயங்காரின் ‘மேனகா’, டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகமாகி, பிறகு 1935-ல் படமாயிற்று. மேடையே கதையைக் காட்சிகளாகப் பிரித்து வைத்திருந்ததால் காமிராவுக்குப் பாதி வேலை மிச்சம். 1939-ல் வந்த ‘தியாக பூமி’ வேறு வகை. கல்கி எழுத, பாபநாசத்துக்காரரான கே. சுப்பிரமணியம் படமெடுக்க, விகடனில் தொடர்கதை படக் காட்சிகளுடனேயே வெளிவந்தது. கதையும் படமும் இரட்டைப் பிள்ளைகள். 1940-ல் ஆங்கில அரசாங்கம் அந்தப் படத்துக்குத் தடை விதித்தது. எழுத்தறியாதவனிடமும் திரை பேசும் அல்லவா?

அப்படியானால் சங்கடம் எங்கே வருகிறது? முத்தையனாகவும் கல்யாணியாகவும் நடிக்க ஆள் கிடைக்கும். நடு நடுவே வாசகனின் தோளில் கைபோட்டுப் பேசுகிறாரே கல்கி, அந்த வேஷத்தை யார் போடுவது? அந்தக் குரல் போனால் சம்பவங்கள் மிஞ்சும். கதையின் ருசி மிஞ்சாது.

திரைக்கு நஷ்டம் மட்டுமே என்றும் சொல்லிவிட முடியாது. தி. ஜானகிராமனின் ‘மோகமு’ள்ளில் ரங்கண்ணாவின் சங்கீதத்தை நாம் மனத்தால்தான் கேட்கிறோம். 1995-ல் ஞான ராஜசேகரன் அதைப் படமாக்கியபோது, இளையராஜாவின் இசை காதிலேயே விழுந்தது. ஆனால் யமுனாவின் மேல் பாபு கொண்ட ஆசை வருஷக்கணக்கில் ஊறுகிறதே, அதை ஒரு மாலைப் பொழுதுக்குள் எப்படிக் காட்டுவது? கல்கியின் ‘பொன்னியின் செல்வன்’ ஐந்து பாகம். 2022-லும் 2023-லும் வந்த இரண்டு படங்களில் அது ஏறத்தாழ ஐந்தரை மணி நேரத்துக்குள் அடங்க வேண்டியிருந்தது. எதை எழுதுவது என்பது நாவலாசிரியர் கவலை. எதை விடுவது என்பது படக்காரர் கவலை.

திருப்பனந்தாள் கோயிலில் ஒரு கதை சொல்வார்கள். மாலை சாத்த வந்த தாடகைக்காகச் சாய்ந்து கொடுத்த லிங்கத்தை, யானைகளைப் பூட்டி இழுத்தும் அரசனால் நிமிர்த்த முடியவில்லை. குங்கிலியக் கலய நாயனார் தம் கழுத்தில் கயிற்றைக் கட்டிக்கொண்டு இழுத்தார், நிமிர்ந்தது. படமுதலாளிகளிடம் யானைகளுக்குப் பஞ்சமில்லை. கழுத்தைக் கொடுக்கிறவர்கள்தான் அபூர்வம்.