படைவீட்டில் ஒரு சட்டை

மே மாதத்து மதியம். வேலூரிலிருந்து கண்ணமங்கலம், சந்தவாசல் வழியாகப் படவேடு போய்ச் சேரும்போது மணி ஒன்றரை. கோயிலுக்குப் போகும் வழியில் ஒரு டீக்கடை நிழலில் வண்டியை நிறுத்தினேன். கடைக்காரப் பெரியவர் என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"இன்னா தம்பி, இந்த வெயில்ல கம்பளி போட்டுகினு வந்துகீற?"

"கம்பளி இல்லீங்க பெரியவரே, ரைடிங் ஜாக்கெட். கீழ விழுந்தா தோலு உரியாம இருக்கும்."

"விழறதுக்கு முன்னாடியே வெந்துடுவியே!"

பெஞ்சில் இருந்தவர்கள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். ஜாக்கெட்டைக் கழற்றியபோது உள்ளே பனியனைப் பிழிந்து காயப்போடலாம்போல இருந்தது. பெரியவர் சொன்னதில் தப்பே இல்லை.

ஆனால் இரண்டு வருடத்துக்கு முன்னால், இதே மாதிரி ஒரு மே மாதத்தில், என் சித்தப்பா மகன் "நாலு கிலோமீட்டர்தானே" என்று ஜாக்கெட்டைக் கதவு ஆணியிலேயே விட்டுவிட்டுப் போனான். ஹெல்மெட் போட்டிருந்தான். தலைக்கு ஒன்றும் ஆகவில்லை. முழங்கையிலிருந்து தோள்வரை இருந்த தோல் தார்ச்சாலையில் போய்விட்டது. தொடையிலிருந்து தோல் எடுத்துக் கையில் ஒட்டினார்கள். இன்றைக்கும் அவன் அரைக்கைச் சட்டை போடுவதில்லை.

பெரியவர் சொல்வதும் உண்மை, அவன் கை சொல்வதும் உண்மை. இந்த இரண்டுக்கும் நடுவில் மாட்டிக்கொண்டிருப்பது நம் தலைமுறை மட்டும் அல்ல. அதற்கு ஒரு நீண்ட வரலாறு இருக்கிறது. அதில் கணிசமான பகுதி இந்த ஊரையும் இதைச் சுற்றியுள்ள நிலத்தையும் தொட்டுச் செல்கிறது.

*

படவேடு என்று நாம் இன்று சொல்லும் பெயர் 'படைவீடு' என்பதன் தேய்வு. படை தங்கும் வீடு. பதினான்காம் நூற்றாண்டில் சம்புவராயர்களின் தலைநகரம் இது. பின்னால் தெரியும் சவ்வாது மலைத்தொடர்தான் அவர்களுக்கு இயற்கையான மதில். விஜயநகரத்து இளவரசன் குமார கம்பணன் தெற்கே மதுரைக்குப் படையெடுத்தபோது முதலில் வீழ்த்தியது இந்தச் சம்புவராயர்களைத்தான். அந்தப் படையெடுப்பை அவன் மனைவி கங்காதேவி 'மதுரா விஜயம்' என்ற சமஸ்கிருத காவியமாகவே எழுதினாள். அதன்பிறகு படைவீடு விஜயநகரப் பேரரசின் ஒரு ராஜ்யமானது.

இந்த வெயிலில் அந்தப் படைவீரர்கள் என்ன உடுத்தியிருப்பார்கள்? கிட்டத்தட்ட 1520இல் விஜயநகரத்துக்கு வந்த போர்ச்சுக்கீசியர் டொமிங்கோ பயஸ் அந்த அரசின் குதிரைவீரர்களைப் பார்த்து எழுதியிருக்கிறார். அவர்கள் போட்டிருந்தது மெத்தை மாதிரி தைத்த சட்டை. வெளியே வெல்வெட்டும் சரிகையும். உள்ளே பல அடுக்குப் பதப்படாத தோல், அதை உறுதியாக்க இரும்புத் துண்டுகள்.

இதை முதன்முதலில் படித்தபோது என் ஜாக்கெட்டை எடுத்துப் பிரித்துப் பார்த்தேன். வெளியே ஒரு துணி. உள்ளே ஓர் அடுக்கு. தோளிலும் முழங்கையிலும் கெட்டியான தகடு. ஐந்நூறு வருடத்தில் பொருள்கள் மாறியிருக்கின்றன, கட்டமைப்பு மாறவில்லை. விழுந்தால் எது முதலில் தரையில் படுமோ அங்கே கெட்டி, மற்ற இடத்தில் இலகு.

சங்கத் தமிழில் கவசத்துக்கு 'மெய்ம்மறை' என்று ஒரு சொல் உண்டு. மெய்யை மறைப்பது. பதிற்றுப்பத்தில் சேர அரசனையே தன் வீரர்களின் மெய்ம்மறை என்று அழைக்கிறார்கள். படையை ஏவுகிறவன்தான் அந்தப் படைக்குக் கவசமாகவும் இருக்க வேண்டும் என்ற எதிர்பார்ப்பு அந்த அழைப்பில் இருப்பதாக எனக்குப் படுகிறது. உணவுப் பொட்டலத்தோடு நாள் முழுக்க வெயிலில் ஓடும் பையன்களுக்கு மெல்லிய டி-ஷர்ட்டை மட்டும் சீருடையாகக் கொடுக்கும் காலத்தில் அந்தச் சொல்லை நினைத்துப் பார்க்கலாம்.

*

படவேட்டிலிருந்து மலைக்கு அந்தப் பக்கம் பாலாறு. ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு, ராணிப்பேட்டை என்று வரிசையாகத் தோல் ஊர்கள். இந்த வறண்ட நிலத்தில் தானாக முளைக்கும் ஆவாரஞ்செடியின் பட்டைதான் பழைய பதனிடும் முறைக்கு ஆதாரம். அப்படிப் பதனிட்ட தென்னிந்தியத் தோலுக்கு லண்டன் சந்தையில் 'ஈஸ்ட் இந்தியா' என்றே பெயர். முதல் உலகப்போரில் பிரிட்டிஷ் சிப்பாய்களின் பூட்ஸ் மேல்பாகத்துக்கு இந்தத் தோல் மூட்டைமூட்டையாகக் கப்பலேறியது.

1903 வாக்கில் ஆல்ஃபிரட் சாட்டர்டன் சென்னைக் கலைப்பள்ளியில் குரோம் முறையில் தோல் பதனிட்டுப் பார்த்தார். அவர் முக்கியமாக மனதில் வைத்திருந்தது கமலை ஏற்றத்தின் தோல்வாளி. கிணற்றுத் தண்ணீரில் நாள் முழுக்க ஊறினாலும் அழுகாத வாளி விவசாயிக்கு வேண்டும் என்று நினைத்தார். குரோம் தோல் வந்தது, கம்பெனி வந்தது, அதன் பெயரில் குரோம்பேட்டை என்று ஓர் ஊரே வந்தது. 1948இல் அடையாறில் மத்திய தோல் ஆராய்ச்சி நிறுவனமும் வந்தது. தோல் பெரும்பாலும் வெளிநாட்டுக்குப் போனது. ஆலைக் கழிவு பாலாற்றில் தங்கியது. 1996இல் வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தபோது, மாசுபடுத்தியவரே அதற்கு விலை கொடுக்க வேண்டும் என்ற கொள்கை இந்தியச் சட்டத்தில் அழுத்தமாகப் பதிந்தது.

உலகத்தின் கால்களுக்கும் உடம்புக்கும் காப்புத் தோல் அனுப்பிய வட்டாரம் இது. அதே வட்டாரத்தின் சாலையில் மே மாதம் வண்டி ஓட்டுகிறவன் போட்டிருப்பது பருத்திச் சட்டை.

*

காரணம் ஏழ்மை மட்டும் இல்லை. மோட்டார் சைக்கிள் ஜாக்கெட் என்ற பொருள் பிறந்ததே குளிரில். 1928இல் நியூயார்க்கில் இர்விங் ஷாட் தைத்த 'பெர்ஃபெக்டோ' ஜாக்கெட்டுக்கு ஜிப் குறுக்காகப் போகும். எதிர்க்காற்று நெஞ்சில் நுழையாமல் இருக்கத்தான் அந்த ஏற்பாடு. 1953இல் மார்லன் பிராண்டோ ஒரு படத்தில் அதைப் போட்டுக்கொண்டு வந்ததும் அது முரட்டு இளைஞனின் சீருடையாகிவிட்டது. இங்கிலாந்தில் மெழுகு பூசிய பருத்தி ஜாக்கெட்டுகள் வந்தன. அவை மழைக்கு. இவற்றையெல்லாம் உருவாக்கியவர்களின் கவலை, காற்றை எப்படி வெளியே நிறுத்துவது என்பதுதான். நம் கவலையோ காற்றை எப்படி உள்ளே விடுவது.

1955இல் ரெட்டிச் என்ஃபீல்டும் மெட்ராஸ் மோட்டார்ஸும் சேர்ந்து என்ஃபீல்ட் இந்தியாவைத் தொடங்கின. திருவொற்றியூரில் புல்லட் உருவாகத் தொடங்கியது. வண்டி வந்தது, அதற்கான உடை கூட வரவில்லை. வந்திருந்தாலும் ஆணியில்தான் தொங்கியிருக்கும். நம் தாத்தாக்கள் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு புல்லட் ஓட்டினார்கள். அது அசட்டுத் துணிச்சல் என்று நான் சொல்லமாட்டேன். அவர்கள் முன்னால் இருந்த ஒரே தேர்வு அது.

*

பாதுகாப்பின் அறிவியலும் தலையிலிருந்துதான் தொடங்கியது. 1935 மே மாதம் டி. இ. லாரன்ஸ் மோட்டார் சைக்கிளிலிருந்து விழுந்து, ஆறு நாள் நினைவில்லாமல் கிடந்து இறந்தார். அவரைப் பார்த்த மருத்துவர்களில் ஒருவர் நரம்பு அறுவை நிபுணர் ஹியூ கெய்ர்ன்ஸ். இந்தச் சாவு அவரை விடவில்லை. 1941இல் ராணுவத்தில் தபால் கொண்டுசெல்லும் வண்டியோட்டிகளின் தலைக்காயங்களை ஆராய்ந்து கட்டுரை எழுதினார். அந்த வருடமே பிரிட்டிஷ் ராணுவம் பணியில் இருக்கும் அந்த வண்டியோட்டிகளுக்கு ஹெல்மெட்டைக் கட்டாயமாக்கியது.

நம் மோட்டார் வாகனச் சட்டம் 1988இல் வந்தது. அதன் 129ஆம் பிரிவு ஹெல்மெட் பற்றியது. 2015 ஜூலை 1 முதல் சென்னை உயர்நீதிமன்ற உத்தரவின் பேரில் தமிழ்நாட்டில் அதைக் கறாராக அமல்படுத்தினார்கள். சட்டம் தலையோடு நின்றுவிடுகிறது. கழுத்துக்குக் கீழே நம் பாடு. 2022இல் இந்தியச் சாலைகளில் 1,68,491 பேர் இறந்தார்கள். அதில் ஏறக்குறைய 45 சதவீதம் பேர் இருசக்கர வண்டியில் போனவர்கள். உயிர் பிழைத்துத் தோலையும் எலும்பையும் இழந்தவர்கள் இந்தக் கணக்கில் இல்லை.

படவேட்டு ரேணுகாம்பாள் கருவறையிலும் வழிபடப்படுவது அம்மனின் சிரசு. பரசுராமன் தாயின் தலையை வெட்டிய கதை எல்லோருக்கும் தெரியும். இங்கே சொல்கிற இன்னொரு கதையும் உண்டு. ஜமதக்கினி இறந்தபின் ரேணுகை தீயில் இறங்குகிறாள், மழை வந்து தீயை அணைக்கிறது. உடம்பெல்லாம் கொப்புளங்களோடு எழுந்தவள் வேப்பிலையைப் பறித்து ஆடையாகச் சுற்றிக்கொள்கிறாள். வேண்டுதலுக்காக வேப்பஞ்சேலை உடுத்தி வரும் பெண்கள் அந்தக் கதையைத்தான் தங்கள் மேல் போட்டுக்கொள்கிறார்கள். தோல் வெந்தவளுக்கு முதலில் தேவைப்பட்ட ஆடை காப்பாகவும் இருந்தது, குளிர்ச்சியாகவும் இருந்தது. இரண்டில் ஒன்றை விட்டுக்கொடுக்கச் சொல்லி யாரும் அவளிடம் கேட்கவில்லை.

*

கழுத்துக்குக் கீழே அறிவியல் வந்து சேர இன்னும் ஐம்பது வருடம் ஆயிற்று. கேம்பிரிட்ஜில் ரோடரிக் வுட்ஸ் என்பவர் விபத்தில் கிழிந்த உடைகளைப் படித்து, எந்த இடம் எவ்வளவு தேயும் என்று உடம்பை மண்டலங்களாகப் பிரித்தார். தோள், முழங்கை, இடுப்பு, முழங்கால் ஆகியவை முதல் மண்டலம். அந்த வழியில் வளர்ந்து 2020இல் வந்த ஐரோப்பியத் தரம்தான் இன்று ஜாக்கெட்டின் உள்பட்டையில் நாம் பார்க்கும் 'ஈ.என். 17092'. முதல் மண்டலத்துத் துணியைத் தேய்த்துப் பார்க்கும் சோதனை ஏ வகைக்கு 45 கிலோமீட்டர் வேகத்தில் தொடங்குகிறது. ஏஏ வகைக்கு 70, ஏஏஏ வகைக்கு 120. உள்ளே வைக்கும் தகடுக்குத் தனித் தரம், 'ஈ.என். 1621'. 50 ஜூல் அடியைப் போடும்போது தோள், முழங்கைத் தகடு சராசரியாக 35 கிலோநியூட்டனுக்கு மேல் கடத்தக் கூடாது என்பது முதல் நிலை. இரண்டாம் நிலைக்கு அது 20.

இந்தச் சோதனைகள் எதிலும் வெயில் இல்லை. அந்தக் கேள்வியைக் கேட்டது நம்மைப்போல வேகும் நாடான ஆஸ்திரேலியா. 2011இல் லிஸ் டி ரோம் குழு விபத்தில் சிக்கிய 212 பேரின் உடைகளை ஆராய்ந்தது. ஏறக்குறைய 30 சதவீத ஜாக்கெட்டுகள் விபத்தில் தாக்குப்பிடிக்கவில்லை. ஆனால் தகடு வைத்த உடை போட்டவர்களுக்குக் காயம் தெளிவாகக் குறைந்திருந்தது. 2018இல் தொடங்கிய 'மோட்டோகேப்' ஒவ்வொரு ஜாக்கெட்டுக்கும் இரண்டு மதிப்பெண் போடுகிறது. ஒன்று காப்புக்கு, இன்னொன்று வெப்பத்தில் உடம்பு மூச்சுவிடுவதற்கு. வெந்துபோன ஓட்டுநரின் கவனம் சிதறும், அதுவும் விபத்துக்குக் காரணமாகும் என்பது அதன் பின்னால் உள்ள புரிதல். டீக்கடைப் பெரியவர் சொன்னதைத்தான் அவர்கள் ஆய்வகத்தில் அளந்திருக்கிறார்கள்.

அப்படியானால் நம் ஊருக்கு எதை வாங்குவது? நான் கற்றுக்கொண்டது இவ்வளவுதான். நெஞ்சிலும் முதுகிலும் வலைத்துணி, தோளிலும் முழங்கையிலும் கனமான நெசவு. ஊருக்குள் ஓட்ட ஏ போதும், நெடுஞ்சாலைக்கு ஏஏ. சி வகையில் தகடு மட்டும்தான் உண்டு, தேய்மானக் காப்பு கிடையாது. கையை நீட்டி மடக்கும்போது முழங்கைத் தகடு சுற்றிக்கொண்டு போனால் அந்த அளவு உனக்கு இல்லை. முதுகில் பெரும்பாலும் தகடு மாதிரி வெறும் பஞ்சைத்தான் வைத்துத் தருவார்கள், அதை எடுத்துவிட்டு நிஜத் தகடு வாங்கு. கறுப்பு அழகுதான், ஆனால் வெயிலைக் குடிக்கும்.

இன்னொன்று. காற்று 35 டிகிரியைத் தாண்டிவிட்டால் அது நம் தோலைவிடச் சூடு. அப்போது சட்டையைத் திறந்துவிட்டு ஓட்டினால் குளிராது, அனல்தான் அடிக்கும். நம்மைக் குளிர்விப்பது வியர்வை ஆவியாவது மட்டுமே. அதனால் பனியனை நனைத்துப் போட்டு, மேலே வலை ஜாக்கெட் போட்டு ஓட்டினால் வெறும் சட்டையைவிடச் சுகமாக இருக்கும். வண்டி நின்றால் மட்டும் வேகும். நிற்கும் இடத்தில் கழற்று, தண்ணீர் குடி.

மதியம் மூன்றுக்குக் கிளம்பினேன். கடைக் குழாயில் பனியனை நனைத்துப் போட்டேன். பெரியவர் ஜாக்கெட்டைக் கையில் வாங்கி, வெளிச்சத்துக்கு நேராகப் பிடித்து, வலை வழியாகத் தெருவைப் பார்த்தார்.

"இதுல காத்து போவுதே. அப்ப சரி. என் பேரனும் பெங்களூருக்கு வண்டியிலதான் போயிட்டு வரான். இந்த மாதிரி ஒண்ணு வாங்கினா தெனம் போடுவானா?"

"தெனம் போடற மாதிரி பாத்து வாங்கச் சொல்லுங்க பெரியவரே. கெட்டியா வாங்கி வீட்ல மாட்டி வெச்சா பிரயோசனம் இல்ல."

அவன் அளவு தனக்குத் தெரியாது என்றார். என் ஜாக்கெட்டின் பட்டையில் இருந்த எண்ணைப் பில் புத்தகத்தின் பின்பக்கம் எழுதி வைத்துக்கொண்டார்.