சொன்னவர்களுக்கே திரும்பிய கதை

புனேயில் பிரபாத் ஸ்டுடியோ இருந்த இடத்தில் 1960இல் திரைப்படக் கல்லூரி வந்தது. அதே புனேயில் பிறந்து, அந்தக் கல்லூரியில் ஒருநாளும் மாணவியாக இல்லாமலே படமெடுக்க வந்தவர் சுமித்ரா பாவே.

1943இல் பிறந்தவர். ஃபெர்குசன் கல்லூரியிலும் மும்பை டாடா சமூக அறிவியல் கழகத்திலும் படித்தார். டெல்லி வானொலியில் மராத்திச் செய்தி வாசித்தார். புனே திரும்பி, கர்வே சமூகப்பணிக் கல்லூரியில் பாடம் நடத்தினார். நாற்பது வயதுவரை கேமராவுக்கும் அவருக்கும் சம்பந்தமே இல்லை.

ஏழைப் பெண்களின் வாழ்க்கையை அவர்கள் வாய்மொழியாகவே பதிவுசெய்யும் ஆய்வில் இறங்கியபோதுதான் ஒரு கேள்வி அவரை உறுத்தியது. மனம்விட்டுப் பேசிய பெண்களுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. அறிக்கை அலமாரிக்குப் போகும். அவர்களுக்கு என்ன போய்ச் சேரும்? (எட்டு தலித் பெண்களின் அந்தக் கதைகள் பின்னர், 1988இல், ஆங்கிலப் புத்தகமாகவும் வந்தன.) படமாக எடுத்தால் அவர்களே பார்க்கலாமே! அப்படிப் பிறந்ததுதான் 1985இல் வந்த 'பாயி' குறும்படம். மராத்தியில் பெண்ணைக் குறிக்கும் சொல் அது. குடிசைப் பகுதிப் பெண் ஒருத்தியின் போராட்டம்தான் கதை. முதல் படத்துக்கே தேசிய விருது கிடைத்தது. ஆனால் எனக்கு விருதைவிட, அந்தக் கேள்விதான் பெரிதாகப் படுகிறது. ஆய்வு செய்பவர்களில் எத்தனை பேர் அதைக் கேட்டுக்கொள்கிறோம்?

அடுத்து 1987இல் 'பானி'. பிறகு, திரைப்படக் கல்லூரியில் படித்த சுனில் சுக்தங்கருடன் சேர்ந்து 'தோகி' தொடங்கி முழுநீளப் படங்கள். மனச்சிதைவைப் பேசிய 'தேவ்ராயி', 2016ஆம் ஆண்டின் சிறந்த படத்துக்கான தங்கத் தாமரை பெற்ற 'காசவ்' என்று அந்த வரிசை நீண்டது. 2021 ஏப்ரலில் புனேயிலேயே காலமானார்.

அவர் படங்களில் என்னை விடாமல் பிடித்துக்கொண்டது 'அஸ்து'. மறதி நோய் முற்றிய சமஸ்கிருதப் பண்டிதர் ஒருவர் காரில் உட்கார்ந்திருக்கிறார். தெருவில் யானை போகிறது. குழந்தையைப் போல இறங்கி அதன் பின்னாலேயே நடந்து, தொலைந்துபோகிறார். மகள் ஊரெல்லாம் தேட, அவரைப் பார்த்துக்கொள்பவள் யானைப் பாகனின் மனைவி, ஏழை. அவர் யார், எந்த ஊர் என்று அவளுக்குத் தெரியாது. சொல்ல அவருக்கும் தெரியாது. சாஸ்திரங்களைக் கரைத்துக் குடித்த அந்தக் கிழவர் அவளை 'ஆயி' என்கிறார். மராத்தியில் அம்மா.