இரவல் கொண்ட இளமை: ழான்-பியேர் லெயோவின் தொடக்கக் கலைவாழ்வு

கவிஞன் தன் இளமைத் துயரைப் பாட விழைந்தால் அவனுக்குச் சொல் ஒன்றே போதும். அந்தச் சொல்லால் எவரேனும் புண்படின் அது பெரும்பாலும் அவனாகவோ அவன் சுற்றத்தாராகவோ இருப்பர். திரைப்பட இயக்குநரின் நிலை வேறு. அவர் தம் பிள்ளைப் பருவத்தைக் காட்ட வேண்டுமாயின் உயிருள்ள ஒரு பிள்ளையைத் தேடிக் கண்டடைய வேண்டும். தம் அழுகையை அப்பிள்ளையின் கண்களிலும் தம் அச்சத்தை அதன் நடையிலும் ஏற்றி வைக்க வேண்டும். படம் முடிந்தபின் இயக்குநர் தம் துயரை இறக்கி வைத்துவிட்டு அடுத்த படைப்புக்குச் செல்வார். துயரை இரவலாகச் சுமந்த பிள்ளை எங்கே செல்லும்?

இவ்வினாவுக்கு உலகத் திரைப்பட வரலாறு தரும் விடைகளுள் மிக நீண்டது ழான்-பியேர் லெயோ என்னும் பிரெஞ்சு நடிகரின் வாழ்வாகும். பதினான்கு வயதில் ஒரு திரைப்படத்தால் உலகப் புகழ் எய்திய அவர், அப்படத்தின் நாயகனாகவே இருபது ஆண்டுகள் திரையில் வளர்ந்தார். அவ்வாறு வளர்ந்தது அவரா, அவரை வளர்த்தவரா என்பதைப் பிரித்தறிவது எளிதன்று.

தந்தவரின் இளமை

லெயோவின் கதையைச் சொல்லுமுன் இயக்குநர் பிரான்சுவா த்ரூஃபோவின் இளமையை அறிதல் வேண்டும். 1932 பிப்ரவரி 6ஆம் நாள் பாரிசில் மணமாகாத தாய்க்குப் பிறந்தவர் த்ரூஃபோ. தாயை மணந்த ரோலான் த்ரூஃபோ அவருக்குத் தம் பெயரை அளித்தார். தொடக்க ஆண்டுகளில் செவிலித்தாயரிடமும் பின்னர்ப் பாட்டியிடமும் வளர்ந்த அவர், பாட்டி மறைந்த பிறகே பெற்றோர் இல்லம் சேர்ந்தார். அங்கே அவர் வேண்டாத விருந்தாளியாகவே உணர்ந்தார். பள்ளிக்கு மட்டம் போட்டுத் திரையரங்கின் இருளில் அமர்வதும் நூல்களை வெறிகொண்டு படிப்பதுமே அவருக்குப் புகலாயின. ஒருமுறை பள்ளிக்கு வராமைக்குக் காரணம் கேட்ட ஆசிரியரிடம், தம் தந்தையை ஜெர்மானியர் கைது செய்துவிட்டனர் என்று பொய் கூறினார்.

1948இல் திரைப்படக் கழகம் ஒன்றைத் தொடங்கிக் கடனில் ஆழ்ந்த மகனைத் தந்தையே காவல் நிலையத்தில் ஒப்படைத்தார். வில்ஜூயிஃப் என்னுமிடத்தில் இருந்த சிறார் கண்காணிப்பு இல்லத்தில் அவர் வைக்கப்பட்டார். அங்கிருந்து அவரை மீட்டெடுத்துப் பிள்ளையைப் போலப் பேணியவர் திறனாய்வாளர் ஆந்த்ரே பாசான். பின்னர்ப் படையிலிருந்து தப்பியோடிச் சிறைப்பட்டபோதும் பாசானே துணை நின்றார். பாசான் தோற்றுநருள் ஒருவராக விளங்கிய ‘கய்யே து சினிமா’ இதழில் 1954இல் த்ரூஃபோ எழுதிய கட்டுரை, அக்காலப் பிரெஞ்சுத் திரைப்பட மரபைக் கடுமையாகச் சாடிப் ‘புதிய அலை’க்கு வழிகோலியது என்பர்.

ஈன்றவர் கைவிட, ஈன்றவரல்லாத ஒருவர் கைதூக்கிய இவ்வனுபவமே, பின்னாளில் லெயோவிடம் த்ரூஃபோ நடந்துகொண்ட முறைக்கு அடித்தளமாயிற்று.

சிறுவன் வந்த வழி

1958ஆம் ஆண்டு இலையுதிர் காலத்தில் ‘பிரான்ஸ்-சுவார்’ நாளிதழில் ஒரு விளம்பரம் வெளியாயிற்று. திரைப்படம் ஒன்றில் நடிக்கச் சிறுவன் தேவை என்பது அதன் சாரம். நூற்றுக்கணக்கான சிறுவர் விண்ணப்பித்தனர். அவர்களுள் தேர்ந்தவர்களைப் பதினாறு மில்லிமீட்டர்ப் படச்சுருளில் பேசவைத்துப் பதிவு செய்தார் த்ரூஃபோ. தலைமைப் பாத்திரத்திற்குத் தேர்வு பெறாத சிறுவர் பலருக்கும் படத்தின் வகுப்பறைக் காட்சிகளில் இடமளித்தார்.

லெயோ 1944 மே 28ஆம் நாள் பாரிசில் பிறந்தவர். தாய் ழாக்லீன் பியெரோ ஒரு நடிகை. தந்தை பியேர் லெயோ திரைத்துறையில் எழுத்துப் பணியும் உதவி இயக்குநர் பணியும் ஆற்றியவர். திறனாய்வாளர் ழான் தோமார்ஷி என்பவர் இச்சிறுவனைப் பற்றி த்ரூஃபோவிடம் எடுத்துரைத்திருந்தார். 1958இல் வெளிவந்த வரலாற்றுச் சாகசப் படமொன்றில் சிறு வேடம் ஏற்றிருந்தமையால் லெயோவுக்குக் காமிரா முற்றிலும் புதிதன்று.

அப்போது அவர் யோன் மாவட்டத்துப் பான்திஞியில் ஓர் உறைவிடப் பள்ளியில் பயின்று வந்தார். அடங்காப்பிள்ளை என்றே அங்கே பெயரெடுத்திருந்தார். கட்டுக்கு அடங்காமை, ஓடிப்போதல், பெரியோரை எதிர்த்துப் பேசுதல் ஆகியன அவர்மேல் சாற்றப்பட்ட குற்றங்கள். பள்ளி ஆவணத்தில் குறைகளாக நின்றவை த்ரூஃபோவின் கண்ணுக்குத் தகுதிகளாயின.

இருவர் இளமையும் ஒன்றெனக் கொள்வது பிழையாகும். த்ரூஃபோ ஒதுங்கிய இயல்பினர்; மறைவாகக் குறும்பு செய்து பணிவு காட்டுபவர். லெயோவோ நேருக்கு நேர் நின்று எதிர்ப்பவர். முதலில் எழுதப்பட்ட ஆந்த்வான் துவானெல் என்னும் பாத்திரம் மெலிந்த, அடங்கிய சிறுவனாகவே இருந்தது. லெயோவின் துடிப்பும் முரட்டுத்தனமும் அப்பாத்திரத்தை மாற்றிவிட்டன என்பதை த்ரூஃபோ பிற்காலத்தில் ஒப்புக்கொண்டுள்ளார். உரையாடலின் உட்பொருளை விளக்கிவிட்டு, சொற்களைத் தன் போக்கில் அமைத்துக்கொள்ளுமாறு சிறுவனிடம் விட்டுவிடுவதும் உண்டு. எனவே இரவல் கொடுத்தவர் ஒருவர், பெற்றவர் மற்றவர் என்று கோடு கிழிக்க இயலாது. துயரம் த்ரூஃபோவினுடையது, அத்துயரை எதிர்த்து நிமிர்ந்த முதுகு லெயோவினுடையது.

படம் பிறந்தது

1958 நவம்பர் 10ஆம் நாள் படப்பிடிப்பு தொடங்கிற்று. அன்றிரவு கடந்து விடியுமுன் பாசான் நாற்பது வயதில் மறைந்தார். வளர்ப்புத் தந்தையை இழந்த நாளிலேயே இயக்குநருக்கு ஒரு வளர்ப்பு மகன் வாய்த்தான் எனலாம். பாசானின் நினைவுக்கே படம் உரிமையாக்கப்பட்டது.

படத்தின் பெயர் ‘நானூறு அடிகள்’ எனச் சொல்லுக்குச் சொல் பெயர்க்கப்படுவதுண்டு. பிரெஞ்சு மொழியில் அத்தொடர் அடங்காத குறும்புகள் அத்தனையும் செய்து திரிவதைக் குறிக்கும் மரபு வழக்காகும். அடி வாங்கும் பிள்ளையின் கதை என்று அப்பெயர் தரும் மயக்கமும் கதைக்கு ஒருவகையில் பொருந்தியே வந்தது.

ஆந்த்வான் பள்ளிக்கு வராததற்குக் காரணமாகத் தன் தாய் இறந்துவிட்டாள் என்கிறான். த்ரூஃபோ சொன்ன பழைய பொய்யின் மறுவடிவம் இது. ஆனால் தந்தையைச் சிறைக்கு அனுப்பிய பொய், தாயைச் சாவுக்கு அனுப்பும் பொய்யாகக் கூர்மை பெற்றுவிட்டது. பால்சாக்கின் படத்துக்கு மெழுகுவத்தி ஏற்றி வழிபட்டு வீட்டில் தீப்பற்ற வைப்பவனும், அவர் எழுத்தைத் தன் கட்டுரையில் சேர்த்துக் களவுக் குற்றம் சுமப்பவனும் அவனே. இலக்கியத்தின்மீது கொண்ட காதலுக்கே தண்டனை பெறும் அக்காட்சி எழுதுவோர் எவரையும் தைக்கும். இறுதியில் தட்டச்சுப் பொறியைத் திருடி, விற்க இயலாமல் திருப்பி வைக்கச் செல்லும்போது பிடிபட்டுச் சீர்திருத்த இல்லம் சேர்கிறான்.

அந்த இல்லத்தில் உளவியலாளர் அவனிடம் வினவும் காட்சியே லெயோவின் நடிப்புக்குச் சிகரம். காமிராவுக்கு அப்பாலிருந்து த்ரூஃபோவே வினாக்களைத் தொடுத்தார். பின்னர் அவர் குரல் நீக்கப்பட்டுப் பெண்குரல் ஒன்று சேர்க்கப்பட்டது. சிறுவன் அவ்விடத்திலேயே விடை கூறினான். தாய் தன்னைப் பெற விரும்பவில்லை, பாட்டியின் தயவால்தான் பிறந்தேன் என்று அவன் சொல்லும் செய்தி த்ரூஃபோவின் வாழ்வில் நிகழ்ந்தது. ஆனால் அதைச் சொல்லும்போது மேசையை அளையும் விரல்களும், தாழ்ந்து நிமிரும் கண்களும், வெட்கம் கலந்த சிரிப்பும் எவரும் எழுதித் தராதவை. உள்ளத்து உணர்வு உடம்பின்வழிப் புலனாவதைத் தமிழ் இலக்கணம் மெய்ப்பாடு என்று வழங்கும். அச்சொல்லின் முழுப்பொருளையும் அச்சிறுவனிடம் காணலாம்.

இல்லத்திலிருந்து தப்பியோடும் ஆந்த்வான், தான் அதுவரை கண்டிராத கடலை அடைகிறான். நீரில் கால் நனைத்துத் திரும்பிக் காமிராவை நோக்குகிறான். அந்த நோக்கில் படம் உறைந்து முடிகிறது. ஓடிய கால்களுக்கு மேற்கொண்டு செல்ல நிலம் இல்லை. பார்ப்பவனுக்கு முகத்தைத் திருப்பிக்கொள்ள வழியில்லை.

தோளில் ஏறிய புகழ்

1959 மே 4ஆம் நாள் கான் திரைப்பட விழாவில் படம் திரையிடப்பட்டது. முந்தைய ஆண்டு அவ்விழாவுக்கு அழைப்பு மறுக்கப்பட்ட திறனாய்வாளர் த்ரூஃபோ இம்முறை சிறந்த இயக்குநர் விருது பெற்றார். அரங்கை விட்டு வெளிவந்த சிறுவனைக் கூட்டத்தினர் தோளில் தூக்கிக் கொண்டாடினர். பதினைந்தாம் பிறந்தநாளுக்குச் சில வாரங்களே இருந்தன.

புகழின் மறுபக்கம் விரைவிலேயே தெரிந்தது. படம் த்ரூஃபோவின் வாழ்க்கை வரலாறே என இதழ்கள் எழுதின. மகனால் ஊரறியக் குற்றஞ்சாட்டப்பட்டதாகப் பெற்றோர் உணர்ந்தனர். படத்தில் தாம் எழுதியது தம் வரலாறு அன்று என த்ரூஃபோ இதழொன்றில் மறுப்பு எழுத நேர்ந்தது. உண்மையை உரைத்த கலைஞன் தான் உரைத்ததை மறுக்க நேரும் அவலம் அது.

லெயோவின் இடர் வேறுவகையானது. படம் முடிந்ததும் அவர் மீண்டும் ஒரு பள்ளி மாணவர் மட்டுமே. அவ்வாறு இருக்க அவரால் இயலவில்லை. பள்ளிகளில் அவர் நிலைக்கவில்லை. அவருடைய இருப்பிடம், படிப்பு ஆகியவற்றின் பொறுப்பைப் பெருமளவு த்ரூஃபோவே ஏற்றார். பாசான் தமக்குச் செய்ததை அவர் இச்சிறுவனுக்குச் செய்தார். ழான் கோக்தோவின் ‘ஓர்ஃபேயின் இறுதி விருப்பம்’ (1960) என்னும் படத்தில் சிறு வேடமும், ழூலியன் துவிவியேயின் ‘பூல்வார்’ (1960) படத்தில் தலைமை வேடமும் லெயோவுக்கு வாய்த்தன. பின்னதிலும் அவர் வீட்டை விட்டு வெளியேறிய சிறுவனாகவே தோன்றினார். ஆந்த்வான் அவரை விடுவதாக இல்லை.

பாத்திரத்தோடு வளர்தல்

1962இல் ‘ஆந்த்வானும் கொலெத்தும்’ என்னும் குறும்படத்தில் துவானெல் மீண்டும் வந்தான். அதன்பின் ‘திருட்டு முத்தங்கள்’ (1968), ‘இல்லறம்’ (1970), ‘ஓடும் காதல்’ (1979) என அவன் காதலும் மணமும் மணமுறிவும் தொடர்ந்தன. கடைசிப் படத்தில் முந்தைய படங்களின் துண்டுகள் நினைவுகளாக இடம்பெற்றன. ஒரு பாத்திரத்தின் நினைவும் அதை நடித்தவரின் உண்மையான இளமையும் ஒரே படச்சுருளாக அமைவது திரைப்படக் கலையில் அரிய நிகழ்வாகும்.

இருவர் முகச்சாயலும் மெல்ல ஒன்றாயின. தொலைக்காட்சியில் லெயோவைக் கண்ட சிற்றுண்டிச்சாலைக்காரர் ஒருவர், மறுநாள் த்ரூஃபோவைப் பார்த்து நேற்று உங்களைத் திரையில் கண்டேன் என்றாராம். த்ரூஃபோ அதை மறுக்கவில்லை.

ஆயினும் லெயோவை த்ரூஃபோவின் நிழலாக மட்டும் காண்பது நீதியன்று. 1960களின் நடுவில் அவர் உதவி இயக்குநராகப் பணியாற்றித் தொழில் கற்றார். கோதாரின் ‘ஆண் பெண்’ படத்துக்காக 1966இல் பெர்லின் விழாவில் சிறந்த நடிகருக்கான வெள்ளிக் கரடி விருது பெற்றார். 1973இல் ழான் யூஸ்தாஷின் ‘தாயும் பரத்தையும்’ அவர் நடிப்பின் மற்றொரு கொடுமுடி. 1984 அக்டோபர் 21ஆம் நாள் த்ரூஃபோ மறைந்தபோது லெயோவுக்கு நாற்பது வயது. ஏறக்குறைய பாசான் இறந்த வயது. அவ்விழப்பிலிருந்து அவர் எளிதில் மீளவில்லை.

2001இல் தைவான் இயக்குநர் சாய் மிங்-லியாங், தைபேயில் ஓர் இளைஞன் ‘நானூறு அடிக’ளைக் காண்பதைத் தம் படத்தில் காட்டி, அதே படத்தில் முதுமை எய்தும் லெயோவைப் பாரிசின் கல்லறைத் தோட்டத்தில் அமர வைத்தார். சிறுவனும் முதியவரும் ஒரே படத்தில் சந்தித்துக்கொள்ளாமல் இருந்தனர். 2016இல் கான் விழா அவருக்கு மதிப்புறு தங்கப்பனை விருதளித்தது. அவ்வாண்டே வெளியான படமொன்றில் அவர் சாவுப்படுக்கையில் கிடக்கும் பதினான்காம் லூயி மன்னராக நடித்திருந்தார். பதினான்கு வயதில் கடல்நோக்கி ஓடியவர், அசையாது படுத்தவாறே ஒரு முழுப்படத்தையும் தாங்கினார்.

நிறைவாக

தன் துயரைப் பிறர்மேல் ஏற்றிப் பாடும் உரிமை கலைஞனுக்கு உண்டா? த்ரூஃபோவின் வாழ்வு அதற்கு ஒரு நிபந்தனையை முன்வைக்கிறது. முகத்தை இரவல் வாங்கியவர் அம்முகத்துக்குரியவரை இடைவழியில் விட்டுவிடலாகாது. ஏழு படங்களில் உடன்வைத்து நடித்தும் நடிக்க வைத்தும், தொழில் கற்பித்தும், தம்மால் இயன்ற வட்டியை அவர் செலுத்தினார். முதலை மட்டும் அவரால் திருப்பித்தர இயலவில்லை. கடற்கரையில் திரும்பி நோக்கும் அச்சிறுவனின் முகம் இன்றும் த்ரூஃபோவின் இளமையாகவே அறியப்படுகிறது. லெயோவின் சொந்த இளமை எங்குப் போயிற்று என்பதை அந்த உறைந்த கண்களே கேட்டுக்கொண்டிருக்கின்றன.