லாயிட் ஜார்ஜும் ஊமைச் செய்திப்படங்களும்

டேவிட் லாயிட் ஜார்ஜ் (1863–1945) முதல் உலகப் போரின் பிற்பகுதியில் பிரித்தானியப் பிரதமராக இருந்தவர். 1916 டிசம்பர் முதல் 1922 அக்டோபர் வரை அப்பதவியை வகித்தார். தம் காலத்தின் தலைசிறந்த மேடைப் பேச்சாளர்களுள் ஒருவர். ஆனால் அன்றைய திரைப்படம் பேசாது. நாவன்மையால் உயர்ந்த ஒரு தலைவர் குரலற்ற படங்களில் எவ்வாறு பதிவானார், அப்பதிவுகளுள் எவை மக்களைச் சென்றடைந்தன, எது தடைபட்டது என்பதை இக்கட்டுரை எடுத்துரைக்கிறது.

இளமையும் அரசியல் நுழைவும்

லாயிட் ஜார்ஜ் 1863 ஜனவரி 17 அன்று மான்செஸ்டர் நகரில் பிறந்தார். பெற்றோர் வேல்ஸ் நாட்டினர். பள்ளி ஆசிரியராக இருந்த தந்தை அடுத்த ஆண்டே இறந்துவிட்டார். வட வேல்ஸின் லானிஸ்டம்டுவி என்னும் சிற்றூரில் தாய்மாமன் ரிச்சர்ட் லாயிட் குடும்பத்தை ஏற்றுக் காத்தார். அவர் காலணி தைக்கும் தொழிலாளி. ஊர்ச் சபையில் சமய உரை ஆற்றுபவரும்கூட. மருமகனின் பேச்சாற்றலுக்கு அந்த வீடே முதல் பள்ளி. பிரித்தானியப் பிரதமர்களுள் ஆங்கிலத்தைத் தாய்மொழியாகக் கொள்ளாதவர் லாயிட் ஜார்ஜ் ஒருவரே. அவருடைய தாய்மொழி வெல்ஷ்.

வழக்கறிஞராகத் தொழில் செய்த அவர், 1890 இடைத்தேர்தலில் 18 வாக்குகள் வேறுபாட்டில் வென்று நாடாளுமன்றம் புகுந்தார். தென்னாப்பிரிக்காவில் நடந்த போயர் போரை வெளிப்படையாக எதிர்த்தார். 1901 டிசம்பரில் பர்மிங்காம் நகர மண்டபத்தில் பேசச் சென்றபோது பெருங்கூட்டம் மண்டபத்தைத் தாக்கியது. காவலர் உடை அணிந்து அவர் உயிர் தப்பினார். போரை எதிர்த்ததற்காகத் தாக்கப்பட்ட அவரே, பதினைந்து ஆண்டுகளுக்குப் பின் மாபெரும் போர் ஒன்றை நடத்தும் பொறுப்பை ஏற்றார்.

1908இல் நிதியமைச்சரானார். 1909ஆம் ஆண்டின் ‘மக்கள் வரவு செலவுத் திட்டம்’, 1911ஆம் ஆண்டின் தேசியக் காப்புறுதிச் சட்டம் ஆகியவை அவர் பெயரை நிலைநிறுத்தின.

செய்திப்படங்களின் வருகை

பிரித்தானியாவில் முறையான செய்திப்படம் 1910இல் பாத்தே நிறுவனத்தால் தொடங்கப்பட்டது. கோமான் நிறுவனமும், 1911இல் ‘டாப்பிக்கல் பட்ஜெட்’ என்ற செய்திப்படமும் தொடர்ந்தன. கையால் சுழற்றும் கேமராவில் எடுத்த சில நிமிடக் காட்சிகளை எழுத்து அட்டைகளுடன் இணைத்துத் திரையரங்குகளில் காட்டினர். எழுதப் படிக்கத் தெரியாதவரும் நாட்டுத் தலைவரின் முகத்தை அறிந்தனர்.

1911 ஜூலை 13 அன்று கார்னார்வன் கோட்டையில் வேல்ஸ் இளவரசருக்குப் பட்டம் சூட்டும் விழா நடந்தது. விழா அங்கே நடப்பதற்கு முன்னின்று உழைத்தவர் லாயிட் ஜார்ஜ். அது அவருடைய தேர்தல் தொகுதி. கோட்டையின் காப்பாளர் என்ற மதிப்புறு பதவியும் அவருடையதே. படப்பிடிப்பாளர்கள் அங்கே திரண்டனர். காட்சியின் வலிமையை உணர்ந்த அரசியல்வாதி அவர் என்பதற்கு இவ்விழா நல்ல சான்று.

போரும் திரையும்

1915இல் படைக்கலத் துறை அமைச்சரான அவர், குண்டு உற்பத்தியைப் பெருக்கினார். தொழிற்சாலைகளில் பெண்கள் பெருந்தொகையில் பணிக்கு வந்தனர். 1916 ஜூலையில் போர்த்துறை அமைச்சரானார். அடுத்த மாதம் ‘சோம் போர்’ என்ற அரசு ஆவணப்படம் லண்டனில் அழைப்பாளர்களுக்குத் திரையிடப்பட்டபோது, மக்கள் இதனைக் காண வேண்டும் என வலியுறுத்தும் அவரது மடல் அங்கே படிக்கப்பட்டது. இலட்சக்கணக்கானோர் அப்படத்தைக் கண்டனர். ஆனால் வீரர்கள் பதுங்குகுழியிலிருந்து எழுந்து பாயும் புகழ்பெற்ற காட்சி, பயிற்சியிடத்தில் நடித்து எடுக்கப்பட்டது என்பது பின்னர் தெளிவாயிற்று.

அவர் பிரதமரான பின், 1917இல், ‘டாப்பிக்கல் பட்ஜெட்’ போர்த்துறையின் கட்டுப்பாட்டுக்குள் வந்தது. அதன்பின் அதில் மக்கள் கண்டது, அரசு காட்ட விரும்பியதையே.

இந்தியாவுக்கும் இக்காலம் முக்கியமானது. 1917ஆம் ஆண்டின் மாண்டேகு அறிவிப்பும் 1919ஆம் ஆண்டின் இந்திய அரசுச் சட்டமும் இவரது ஆட்சியில் வந்தவை. அச்சட்டத்தின்படி நடந்த தேர்தலில்தான் சென்னை மாகாணத்தில் நீதிக்கட்சி ஆட்சி அமைத்தது.

மறைக்கப்பட்ட படம்

1918இல் ஐடியல் என்ற நிறுவனம் லாயிட் ஜார்ஜின் வாழ்க்கையை இரண்டரை மணி நேரப் படமாக எடுத்தது. மாரிஸ் எல்வி இயக்கினார்; வரலாற்றாசிரியர் சிட்னி லோ கதை அமைத்தார்; நார்மன் பேஜ் பிரதமராக நடித்தார். பர்மிங்காம் கலவரம் பெருங்கூட்டத்தை வைத்துப் படமாக்கப்பட்டது.

வெளியீட்டுக்கு முன் ‘ஜான் புல்’ என்ற இதழ், நிறுவனத்தாரின் பழைய குடும்பப் பெயரைச் சுட்டி, அவர்களை ஜெர்மானியத் தொடர்பினர் எனத் தாக்கி எழுதியது. பின்னர், 1919 தொடக்கத்தில், வழக்கறிஞர் ஒருவர் வந்து 20,000 பவுன் பணத்தைக் கொடுத்துப் படச்சுருள்களை எடுத்துச் சென்றார். படம் திரைக்கு வரவேயில்லை. காரணம் குறித்து வரலாற்றாசிரியர்களிடையே இன்றும் ஒருமித்த கருத்து இல்லை. இயக்குநர் எல்வி 1967இல் இறக்கும்வரை தம் படத்தை அரங்கில் காணவில்லை.

1994இல் லாயிட் ஜார்ஜின் பேரன் இல்லத்தில் அச்சுருள்கள் கிடைத்தன. வேல்ஸ் திரைப்பட ஆவணக் காப்பகம் அவற்றைச் செப்பனிட்டது. 1996இல், எடுத்து 78 ஆண்டுகளுக்குப் பிறகு, படம் முதன்முதலாக மக்களுக்குக் காட்டப்பட்டது.

இறுதிக் காலம்

1919இல் வெர்சாய் உடன்படிக்கையின்போது கிளெமென்சோ, வில்சன் ஆகியோருடன் அவர் படங்களில் காணப்படுகிறார். 1922இல் கூட்டணி உடைந்து பதவி இழந்தார். மீண்டும் அமைச்சராகவே இல்லை. 1936 செப்டம்பரில் பெர்க்டெஸ்காடனில் இட்லரைச் சந்தித்தார். உடன் சென்ற செயலாளர் அப்பயணத்தைச் சிறு கேமராவில் பதிவு செய்தார். நாடு திரும்பியதும் லாயிட் ஜார்ஜ் இட்லரைப் புகழ்ந்து நாளிதழில் எழுதினார். அவரது பெயருக்கு நீங்காத களங்கம் இது. 1945 மார்ச் 26 அன்று, போர் முடியும் தறுவாயில் காலமானார். அவர் வளர்ந்த ஊரில், டுவிவோர் ஆற்றங்கரையில் அடக்கம் செய்யப்பட்டார்.

படிப்பினை

படம் பொய் சொல்லாது என்பது பொதுவான நம்பிக்கை. லாயிட் ஜார்ஜின் வரலாறு அதனை ஐயுறச் சொல்கிறது. அரசு வெளியிட்ட படத்தில் நடிப்பு கலந்திருந்தது. அவரது வாழ்வை முழுமையாகக் கூற முயன்ற படம் முக்கால் நூற்றாண்டு பூட்டிக் கிடந்தது. அவருக்குப் பெருமை சேர்க்காத இட்லர் சந்திப்போ, அவருடைய உதவியாளரின் கையாலேயே பதிவாகி நிலைத்தது. எனவே பழைய செய்திப்படம் ஒன்றைக் காணும் மாணவர் மூன்று வினாக்களை எழுப்புதல் வேண்டும்: எடுத்தவர் யார்? காட்டியவர் யார்? காட்டாமல் விடப்பட்டது எது? இவற்றுள் மூன்றாவது வினாவுக்கு விடை கிடைக்க, சில வேளைகளில் எழுபத்தைந்து ஆண்டுகள் காத்திருக்க நேரும்.