தட்டோடு பெயர்த்தல்

மொட்டைமாடியில் பதித்த பழைய தட்டோடு, அதன் இடுக்குப் பூச்சு, அடிக்கலவை ஆகியவற்றைக் கீழுள்ள தளத்துக்குச் சேதம் வராமல் அகற்றும் கட்டட வேலை. விழுப்புரம் மாவட்டத்தில், திண்டிவனம்–புதுச்சேரி சாலையில் உள்ள கிளியனூர் போன்ற ஊர்களின் கூரைகள் வடகிழக்குப் பருவமழைக்கும் புயலுக்கும் ஈடுகொடுக்க வேண்டியவை. 2024 நவம்பர் 30 அன்று ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி அருகே கரை கடந்தபோது, பக்கத்திலுள்ள மயிலத்தில் ஒரே நாளில் சுமார் 50 செ.மீ. மழை கொட்டியது. வீட்டைப் புதுப்பிக்க நினைப்பவர்கள் கூடத்து டைல்ஸில் இருந்துதான் கணக்குப் போடுகிறார்கள். ஆனால் ஒழுகும் வீட்டில் முதலில் ஏறிப் பார்க்க வேண்டியது மாடி.

எதைப் பெயர்க்கிறோம் என்பது தெரிந்தபின்தான் உளியை எடுக்க வேண்டும். கான்கிரீட் கூரையின் மேல் சுருக்கித்தளம் இருக்கும். தமிழ்நாடு பொதுப்பணித் துறை வழக்கப்படி 32 பங்கு செங்கல் ஜல்லிக்கு 12½ பங்கு நீர்த்த சுண்ணாம்பு, மணல் சேர்ப்பதில்லை. கட்டையால் அடித்து இறுக்கிய இந்தத் தளம் சுமார் 75 மி.மீ. கனம். அதன்மேல் ஒன்றுக்கு மூன்று சிமென்ட் கலவை 12 மி.மீ.; அதில் சிமென்ட் எடையில் 5 சதவீதம் குரூடு ஆயில் கலப்பார்கள். அதற்கும் மேலே 23 செ.மீ. சதுர ஓடு, இடுக்கில் ரெட் ஆக்சைடு கலந்த பூச்சு.

பகல் வெயிலில் விரிந்து இரவில் சுருங்கி, முதலில் விட்டுப்போவது இந்த இடுக்குப் பூச்சுதான். விரிசல் வழியே இறங்கிய நீரைச் சுருக்கித்தளம் உறிஞ்சி வைத்துக்கொள்கிறது. மழை நின்று பல நாள் ஆன பிறகும் உட்கூரையில் ஈரம் படர்வது இதனால்தான்.

கரணைப் பிடியால் ஓட்டைத் தட்டிப் பார்ப்பது எளிய சோதனை. கணீரென்றால் பிடிப்பு உண்டு. டொக்கு டொக்கென்றால் அடியில் விட்டுவிட்டது. பெரும்பாலான ஓடுகள் கணீரென்று ஒலித்தால் மொத்தமாகப் பெயர்ப்பது வீண் செலவு. இடுக்குகளை மட்டும் சுரண்டி, தூசி போகக் கழுவி, மறுபடி பூசினால் போதும்.

பெயர்த்தே ஆக வேண்டுமென்றால், ஏற்கெனவே உடைந்த ஓட்டிலோ கைப்பிடிச் சுவர் ஓரத்திலோ தொடங்குவார்கள். உளியைச் செங்குத்தாக நிறுத்தி அடித்தால் அடி முழுவதும் சுருக்கிக்குப் போய் அது பொடிந்துவிடும். இடுக்கில் தாழச் சாய்த்துப் பிடித்து அடித்தால் ஓடு கலவையோடு தட்டாகக் கிளம்பும். பிரேக்கர் மெஷின் வேகமானதுதான். ஆனால் 100 மி.மீ. கூரையில் அதன் அதிர்வு கீழ்ப்பூச்சை உதிர்த்துவிடும். திண்டிவனம், புதுச்சேரிப் பக்கத்துப் பழைய மெட்ராஸ் டெரஸ் வீடுகளில் அதை ஏற்றவே கூடாது. அங்கே மர உத்தரங்களின் மேல் குத்தாக அடுக்கிய செங்கல்லும் சுண்ணாம்புமே கூரை. அசைந்தால் தாங்க வேறு எதுவும் இல்லை.

பழைய ஓட்டின் மேலேயே புது ஓடு பதிப்பது பரவலாகிவிட்டது. ஓடும் கலவையுமாகச் சதுர மீட்டருக்குச் சுமார் 60 கிலோ வருகிறது. 1,000 சதுர அடி மாடிக்கு ஏறக்குறைய 6 டன். அத்தனை பாரத்தையும் கூரைமேல் ஏற்றி, உள்ளே நிற்கும் ஈரத்தையும் மூடி அடைப்பது நல்ல வேலை அல்ல. அதே காரணத்தால், பெயர்த்த ரப்பிஷை மாடி நடுவில் குவிக்காமல் அன்றன்றே இறக்க வேண்டும்.

காலமும் முக்கியம். மாசி முதல் வைகாசி வரை வெயில் நிலைத்திருக்கும். திறந்த சுருக்கி அடிவரை காய்ந்த பின்பே புது ஓடு பதிக்கலாம். ஐப்பசியில் பெயர்க்கத் தொடங்கினால் ஒரு மழையே வீட்டை நனைத்துவிடும்.

ஓட்டை மெஷினால் அறுக்கும்போதும் கலவையைக் கொத்தும்போதும் எழும் சிலிக்கா தூசி நுரையீரலைக் கெடுக்கும். ஆண்டுக்கணக்கில் சுவாசித்தால் சிலிக்கோசிஸ் வரலாம், அதைக் குணப்படுத்த மருந்தில்லை. முகத்தில் கட்டும் துண்டு இதைத் தடுக்காது. தண்ணீர் தெளித்துக்கொண்டே உடைக்கும் வசதியும் தூசி வடிகட்டும் முகக்கவசமும் கொத்தனாருக்கும் சித்தாளுக்கும் வீட்டுக்காரர் செய்து தர வேண்டியவை.

இடிபாட்டைக் கண்ட இடத்தில் கொட்டுவதை 2016-ஆம் ஆண்டின் கட்டடக் கழிவு மேலாண்மை விதிகள் தடை செய்தன. அதை முறையாக அகற்றும் பொறுப்பு வீட்டுக்காரருடையது. ஏரிக்கரையிலும் வாய்க்காலிலும் கொட்டினால் நீர்வழி அடைபடும். முழுசாகக் கிளம்பிய ஓட்டைக் கலவை சுரண்டி மாட்டுக்கொட்டகைத் தரைக்குப் பதிக்கலாம். உடைந்ததை வாசல் மேட்டுக்கும் தரை நிரப்பவும் போடலாம்.