பெயர்ப்பட்டியல் எதற்குச் சான்று? லிண்டா போர்மேனை முன்வைத்து

1972 ஜூனில் நியூயார்க்கில் வெளியான ‘டீப் த்ரோட்’ என்ற பாலியல் படத்தின் டைட்டில் கார்டு, லிண்டா லவ்லேஸ் என்பவர் லிண்டா லவ்லேஸாகவே நடிப்பதாக அறிவிக்கிறது. இயக்குநர் ஜெரார்ட் டமியானோ அதில் ‘ஜெர்ரி ஜெரார்ட்’. கொலம்போ மாஃபியாக் குடும்பத்தோடு தொடர்புடைய தயாரிப்பாளர் லூயி பெரைனோ ‘லூ பெர்ரி’. ஆண்கள் முகமூடி மாட்டிக்கொண்ட அதே படத்தில், படத்துக்கென்று சூட்டிய ஒரு பெயர் அசல் மனுஷியின் பெயராக விலைபோனது. அவருடைய உண்மைப் பெயர் லிண்டா போர்மேன். (முகமூடி எல்லோரையும் காக்கவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். ஹாரி ரீம்ஸ் என்ற புனைபெயரில் நடித்த நாயகன் 1976இல் மெம்ஃபிஸ் ஆபாச வழக்கில் குற்றவாளி எனத் தீர்ப்பானது. மறு ஆண்டு அது ரத்தானது.)

அக்காலப் பாலியல் படங்களின் பெயர்ப்பட்டியல், ஒருவர் நடித்தார் என்பதற்குச் சான்று. இசைந்து நடித்தார் என்பதற்கும் அதையே சான்றாக்குவதுதான் சிக்கல். பெயரை வைத்தவர் யார், கூலியை வாங்கியவர் யார் என்று கேட்காமல் அதை ஆவணமாக ஏற்கக் கூடாது என்பதே என் வாதம். கூலி 1,250 டாலர். அதையும் அன்றைய கணவர் சக் ட்ரெய்னர் எடுத்துக்கொண்டதாகப் போர்மேன் சொன்னார்.

1980இல் வந்த தம் ‘ஆர்டீல்’ நூலில் அவர் வைத்த குற்றச்சாட்டுகள் கடுமையானவை: துப்பாக்கி மிரட்டல், ஓயாத அடி, ஓட்டல் அறையில் தாம் அடிவாங்கும் சத்தம் கேட்டும் உதவிக்கு வராத படக்குழு. உடலில் கன்றிய தடங்கள் படத்திலேயே தெரிகின்றன என்றும் சுட்டிக்காட்டினார். கை நீட்டியதை ட்ரெய்னர் மறுக்கவில்லை, கட்டாயப்படுத்தியதை மறுத்தார். படப்பிடிப்பில் போர்மேன் கலகலப்பாக இருந்தார் என்று உடனிருந்த சிலர் கூறியதுண்டு. இருக்கலாம். இரவில் அதே ஆளிடம் திரும்பிப்போக வேண்டியவர் பகலில் வேறெப்படி இருப்பார்?

எதிர்த்தரப்பின் வலுவான வாதம் வேறு. ‘டீப் த்ரோட்’டுக்கு முன் எடுத்த 8 மி.மீ. சுருள்களில் ஒன்று விலங்கோடு தொடர்புடையது. அதில் இருப்பது தாமல்ல என்று முதலில் சாதித்த போர்மேன், பின்னர் மிரட்டலுக்குப் பணிந்து நடித்ததாக ஒப்புக்கொண்டார். ஒரு முறை பொய் சொன்னவரை எப்படி நம்புவது என்கிறார்கள். விரும்பிச் செய்தவரும் மறுத்திருப்பார், அஞ்சிச் செய்தவரும் மறுத்திருப்பார். ஆகவே அந்த மறுப்பை வைத்து எந்தப் பக்கமும் தீர்ப்பெழுத முடியாது.

பதிப்புலகம் நடந்துகொண்ட விதம் இதைவிடத் தெளிவான தடயம். இன்பத்தைக் கொண்டாடும் ‘இன்சைட் லிண்டா லவ்லேஸ்’ முன்னரே அவர் பெயரில் வெளியாகியிருந்தது. 1976இல் லண்டன் ஓல்டு பெய்லி நீதிமன்றத்தில் ஆபாச வழக்கிலிருந்தும் தப்பியது. அதில் பேசுவது தம் குரலல்ல என்றார் போர்மேன். அந்தப் புத்தகத்தை அச்சேற்ற அவரை யாரும் பொய்யறியும் கருவியின் முன் உட்காரவைக்கவில்லை. ‘ஆர்டீல்’ வெளியாவதற்கு முன் உட்காரவைத்தார்கள். அச்சோதனையின் முடிவை நான் சான்றாகக் கொள்ளவில்லை. அந்தக் கருவியின் நம்பகம் அவ்வளவுதான். ஆனால் விருப்பத்தைச் சொன்ன பெயருக்குத் தேவைப்படாத சோதனை, வற்புறுத்தலைச் சொன்ன பெயருக்கு மட்டும் தேவைப்பட்டிருக்கிறது. பெயர்ப்பட்டியலை நம்பும் ஆய்வாளரும் இதே அளவுகோலைத்தான் கையில் வைத்திருக்கிறார்.