வராத படப்பெட்டி

சினிமாக்காரர்கள் வாயில் 'வாத்தியார்' என்றால் எம்.ஜி.ஆர். எங்கள் புதுச்சேரிப் பெருமாள் கோயில் தெருவில் அந்தச் சொல்லுக்கு வேறு ஆள். கனக சுப்புரத்தினம். 1909 முதல் 1946 வரை பிரெஞ்சுக்காரன் சம்பளத்தில் பிள்ளைகளுக்குத் தமிழ் சொல்லிக்கொடுத்தவர். ஊருக்கு வெளியே பாரதிதாசன். அவர் வீடு இப்போது அருங்காட்சியகம். நான் நாற்பது வருஷம் தியேட்டர் ஆபரேட்டர். கவிதையைப் பற்றிப் பேச எனக்குத் தகுதி கிடையாது, படப்பெட்டியைப் பற்றிப் பேசலாம்.

வாத்தியார் இங்கே எழுதுவார், படம் வேறெங்கோ எடுப்பார்கள். 1937இல் 'பாலாமணி', 1938இல் 'ஸ்ரீ ராமானுஜர்', 1940இல் நாதஸ்வரச் சக்கரவர்த்தி ராஜரத்தினம் பிள்ளையே கதாநாயகனாக வந்த 'கவி காளமேகம்'. கடவுள் இல்லை என்றவர் ராமானுஜருக்குப் பாட்டு எழுதினாரா என்று பையன்கள் சிரிக்கிறார்கள். எனக்கு அதில் சிரிக்க ஒன்றும் தெரியவில்லை. கோபுரத்தில் ஏறி எல்லாருக்கும் மந்திரத்தைச் சொன்னதாகப் பேர் வாங்கியவர் ராமானுஜர் ஆயிற்றே.

அந்தக் காலத்துப் பட முதலாளி எப்படி இருப்பார் என்று தெரிய சேலத்துக்குப் போக வேண்டும். லீட்ஸில் துணித்தொழில் படித்துவிட்டு வந்த டி.ஆர்.சுந்தரம், ஏற்காட்டு அடிவாரத்தில் மாடர்ன் தியேட்டர்ஸைக் கட்டினார். மில் நடத்துகிற மாதிரியே படம் எடுத்தார். படப்பிடிப்புத் தளம், ஒலிப்பதிவு, லேப் எல்லாம் ஒரே மதிலுக்குள். எழுதுகிறவருக்கும் நடிக்கிறவருக்கும் மாதச் சம்பளம். மலையாளத்தின் முதல் பேசும்படம் 'பாலன்' 1938இல் அங்கிருந்துதான் வந்தது. 1956இல் தமிழின் முதல் முழுநீளக் கலர்ப்படமான 'அலிபாபாவும் 40 திருடர்களும்' கூட அங்கிருந்துதான். மொத்தம் நூறு படத்துக்கு மேல். இன்றைக்கு ஏற்காடு ரோட்டில் அந்த நுழைவு வளைவு மட்டும் நிற்கிறது.

வாத்தியாரின் 'எதிர்பாராத முத்தம்' அந்த மதிலுக்குள் போய் 1950இல் 'பொன்முடி'யாக வெளியே வந்தது. இயக்கியவர் எல்லிஸ் ஆர். டங்கன் என்ற அமெரிக்கர். தமிழ் தெரியாது. வாத்தியார் வசனத்தை அவர் என்னவென்று கேட்டிருப்பார்! ஆனாலும் படம் பிடிக்கத் தெரிந்த கை. பழைய பிரிண்ட் ஒன்று ஒருதரம் என் கைக்கு வந்தது. நூறு ஒட்டு. புரொஜெக்டர் கேட்டில் ஓடும்போது எந்த ஒட்டு விடுமோ என்று பயந்து வசனத்தைக் கோட்டைவிட்டுவிட்டேன். பொன்முடியும் பூங்கோதையும் நிற்கிற நிழலும் வெளிச்சமும்தான் நினைவில் தங்கின.

1952இல் அதே கம்பெனிக்கு 'வளையாபதி' எழுதினார். அதற்கு முந்தின வருஷம் ஏ.வி.எம்.மின் 'ஓர் இரவு' படத்தில் அவர் பாட்டு வந்து வீட்டுக்கு வீடு பாடினார்கள். 1955இல் புதுச்சேரிச் சட்டமன்றத்துக்கும் போனார். இவ்வளவும் ஆனபிறகு, எழுபதை ஒட்டிய வயதில், வாத்தியாருக்குத் தானே முதலாளியாக வேண்டும் என்று தோன்றிவிட்டது. சென்னைப் பட்டணத்தில் குடியேறி, சொந்தக் கம்பெனி தொடங்கி, 'பாண்டியன் பரிசு' காவியத்தைப் படமாக்கப் புறப்பட்டார்.

தொழில்காரனாகச் சொல்கிறேன், அது தப்புக் கணக்கு. காவியத்தில் வருவது கதிரைநாடு, இளவரசி அன்னம், வேலன், காணாமல்போன பேழை, போர். ராஜா காலத்துக் கதைக்குக் கோட்டை வேண்டும், குதிரை வேண்டும், இருநூறு பேருக்கு உடுப்பு வேண்டும். சுந்தரத்துக்கு அதெல்லாம் மதிலுக்குள்ளேயே கிடந்தது. வாத்தியாரிடம் இருந்தது கதை. தளத்தை நாள் வாடகைக்கு எடுத்து, நட்சத்திரத்தின் தேதிக்குக் காத்திருக்கிற காலமும் வந்துவிட்டது. ஆனால் பிறர் மதிலுக்குள் அத்தனை வருஷம் எழுதிக்கொடுத்த மனுஷனுக்கு அந்த ஆசை வந்ததை என்னால் தப்பு என்று சொல்ல முடியவில்லை.

சுந்தரம் 1963 ஆகஸ்ட் 30இல் போனார். வாத்தியார் 1964 ஏப்ரல் 21, சென்னைப் பொது மருத்துவமனையில். எட்டு நாள் இருந்திருந்தால் எழுபத்து மூன்று முடிந்திருக்கும்.

பஸ்ஸில் வந்து இறங்கும் பெட்டிகளைப் பேர் பார்த்து எண்ணி எடுத்து வைப்பது என் வேலை. 'பாண்டியன் பரிசு' என்று எழுதிய பெட்டி வரவே இல்லை. இப்போது கண் மங்கிவிட்டது, பேரன் புத்தகத்தைப் படித்துக்காட்டுகிறான். வில்லன் நரிக்கண்ணன் வருகிற இடத்தில் எனக்கு எம்.ஆர்.ராதா குரல்தான் கேட்கிறது.